பந்தைத் தொடலாம், குவளையைத் தொடக் கூடாது: பால்வங்கர் பாலுவை முன்வைத்து

ஏப்ரல் 14க்கு இன்னும் பத்து நாள் இருக்கும்போது எங்கள் மன்றத்தில் சண்டை வந்துவிட்டது. காரணம் ஒரு ஃப்ளெக்ஸ்.

ஒவ்வொரு ஆண்டும் அண்ணல் பிறந்தநாளை ஒட்டி வல்லக்கோட்டையில் எங்கள் காலனிப் பையன்கள் டென்னிஸ் பால் டோர்னமெண்ட் நடத்துகிறோம். ஏரியில் தண்ணீர் வற்றியிருக்கும் பக்கமாகப் பார்த்து, முள்செடி வெட்டி, தரையைத் தட்டி, நடுவில் பிட்ச் போடுவோம். ஒரகடம், வாலாஜாபாத் பக்கத்திலிருந்தெல்லாம் டீம் வரும். ஃப்ளெக்ஸில் அண்ணல் படம் பெரிதாக இருக்கும். கீழே பரிசு விவரமும் எங்கள் முகங்களும் இருக்கும். இந்த முறை சிறந்த பந்துவீச்சாளர் பரிசுக்கு ஒரு பெயர் வைக்கலாம், அவருடைய படத்தையும் ஃப்ளெக்ஸில் போடலாம் என்று எங்களில் சிலர் சொன்னோம். பெயர் பால்வங்கர் பாலு.

"யாருடா அது?" என்றார் பெரியப்பா. பஞ்சாயத்தில் டேங்க் ஆபரேட்டராக இருந்து ஓய்வு பெற்றவர். மன்றத்தின் சாவி இன்றும் அவரிடம்தான் இருக்கிறது.

சொன்னோம். நூறு வருடத்துக்கு முன்னால் இந்தியாவின் பெரிய பவுலர், நம்ம ஆள், தலித். பெரியப்பா முகம் மலர்ந்தது. அதற்குள் வாயை வைத்துக்கொண்டு சும்மா இருக்காத ஒருவன், "1937 எலெக்‌ஷன்ல அம்பேத்கரை எதிர்த்து நின்னவரு" என்று சேர்த்துவிட்டான். அவ்வளவுதான்.

"எங்க அப்பன் காலத்துல இருந்து இந்தப் படத்தைத் தூக்கிட்டு வர்றோம். எதிர்த்து நின்ன ஆளை அவரு பக்கத்துலயே வெப்பீங்களா? வெக்கமா இல்ல?"

அன்று மன்றத்தைப் பூட்டிவிட்டுப் போய்விட்டார்.

பாலுவை எங்களுக்கும் முன்பு தெரியாது. கபில்தேவ் தெரியும், அஸ்வின் தெரியும், நடராஜன் யார்க்கர் தெரியும். சென்னையில் கல்லூரியில் படிக்கும் எங்கள் பையன் ஒருவன் ராமச்சந்திர குஹா எழுதிய கிரிக்கெட் வரலாற்றுப் புத்தகத்தைக் கொண்டுவந்தான். 2002இல் வந்த ஆங்கிலப் புத்தகம். எங்களில் பாதிப் பேருக்கு அந்த ஆங்கிலம் ஓடாது. ஷிஃப்ட் இல்லாத இரவுகளில் அவன் வாசித்து வாசித்துத் தமிழில் சொன்னான். நாலாவது இரவில் கேட்டுக்கொண்டிருந்தவர்கள் எண்ணிக்கை கூடிவிட்டது. பிறகு நாங்களும் அங்கே இங்கே தேடிப் படித்தோம். அவருடைய விளையாட்டு வாழ்க்கையை இங்கே எழுதிவைப்பது, ஃப்ளெக்ஸில் இடம் கிடைக்காவிட்டாலும் இதிலாவது இருக்கட்டும் என்றுதான்.

பாலு 1876இல் தார்வாடில் பிறந்தவர். தோல் வேலையோடு சேர்த்துப் பார்க்கப்படும் சமார் சாதி. அப்பாவுக்கு இராணுவத்தில் வேலை. குடும்பம் புனேவுக்குப் பக்கத்தில் இருந்தது. வெள்ளை அதிகாரிகள் விட்டுப்போன மட்டையையும் பந்தையும் வைத்துக்கொண்டு அண்ணன் தம்பிகள் விளையாடப் பழகினார்கள். முதலில் பார்சிகளின் கிரிக்கெட் மன்றம் ஒன்றில் தரையைப் பெருக்கி உருட்டும் வேலை பாலுவுக்குக் கிடைத்தது. மாதம் 3 ரூபாய். அங்கே அவ்வப்போது உறுப்பினர்களுக்குப் பந்தும் போட்டார். 1892 வாக்கில் வெள்ளையர் மட்டும் உறுப்பினராக இருந்த பூனா கிளப்புக்கு மாறினார். மாதம் 4 ரூபாய். பிட்ச் உருட்டுவது, கோடு போடுவது, வலை கட்டுவது, பயிற்சிக்கு வரும் துரைமார்களுக்குப் பந்து போடுவது, எல்லாம் அந்த 4 ரூபாய்க்குள்.

துரைமார்களில் கிரெய்க் என்று ஒரு கேப்டன். அன்றைக்கு இந்தியாவில் இருந்த வெள்ளைக்கார மட்டையாளர்களில் மிகச் சிறந்தவர்களில் ஒருவர். அவர் தினமும் மற்றவர்களுக்கு முன்பே வந்து பாலுவைப் பந்து போடச் சொல்லி மணிக்கணக்கில் ஆடுவாராம். ஒரு முறை அவுட் ஆக்கினால் எட்டணா தருவார் என்று ஒரு கதை உண்டு. வாரத்துக்கு இரண்டு தடவை அவுட் ஆக்கினால் மாதச் சம்பளம் இரட்டிப்பாகிவிடும். இந்தக் கணக்கை நாங்கள் கட்டை விரலால் விரல் எண்ணிப் பார்த்தோம். நாலு வாரம், எட்டு விக்கெட், 4 ரூபாய். சரிதான்.

ஆனால் இன்னொன்றும் குஹா எழுதுகிறார். அந்தக் கிளப்பில் அத்தனை ஆண்டுகள் ஆயிரக்கணக்கான பந்துகள் போட்ட பாலுவிடம் யாரும் ஒரு முறைகூட மட்டையைக் கொடுக்கவில்லை. பந்து போடுவது உழைப்பு, மட்டை பிடிப்பது துரைத்தனம். உழைப்பைத் தரலாம், துரைத்தனத்தைத் தர முடியாது.

இந்த இடம் வந்தபோது வாசித்துக்கொண்டிருந்தவன் நிறுத்திவிட்டான். எல்லோரும் லெஃப்டைப் பார்த்தோம்.

லெஃப்ட் எங்கள் டீமின் இடக்கைப் பந்துவீச்சாளர். ஊரில் எல்லோரும் அப்படித்தான் கூப்பிடுகிறோம். ஒரு வாகன உதிரிபாகத் தொழிற்சாலையில் கான்ட்ராக்ட் மூலம் ஆறு வருடமாக வேலை பார்க்கிறார். சட்டை நிறம் வேறு, அடையாள அட்டைக் கயிற்றின் நிறம் வேறு. அந்த கம்பெனிக்கு கிரிக்கெட் டீம் உண்டு. ஸ்டிச் பாலில் ஆடுவார்கள். லெஃப்ட் பந்து போடுவதை யாரோ சூப்பர்வைசர் பார்த்துவிட்டு, பயிற்சிக்கு வரச் சொன்னார். காலை ஷிஃப்ட் முடிந்து வலையில் ஒரு மணி நேரம், சில நாள் ஒன்றரை மணி நேரம் பந்து போடுவார். கம்பெனிகளுக்கு இடையிலான போட்டி வந்தது. பதினொரு பேரில் அவர் பெயர் இல்லை. பெர்மனென்ட் ஆட்கள்தான் ஆட முடியுமாம், விதி அப்படியாம். "நீ வாப்பா, சப்ஸ்டிட்யூட்டா ஃபீல்டிங் பண்ணலாம்" என்றார்கள். போனார். கிட் பை தூக்கினார். ஓவர் முடிந்ததும் தண்ணீர் கொண்டுபோனார். இதைச் சொல்லும்போது அவர் குரலில் கோபம்கூட இல்லை, அதுதான் எங்களுக்கு எரிச்சல். "எட்டணாவும் குடுக்கல எனக்கு" என்று சொல்லிச் சிரித்தார்.

இதைச் சாதி என்று சொல்ல முடியுமா என்று எங்களில் ஒருவர் கேட்டார். கான்ட்ராக்ட்டில் எல்லாச் சாதிப் பையன்களும் இருக்கிறார்கள், வடநாட்டுப் பையன்களும் இருக்கிறார்கள். உண்மை. நாங்கள் அதை மறுக்கவில்லை. ஆனால் நிலம் இருந்தவனுக்கு சிப்காட் வந்தபோது காசு வந்தது, காசு வந்தவன் பிள்ளை டிப்ளமா படித்தான், டிப்ளமா படித்தவன் பெர்மனென்ட் ஆனான். அடுத்தவன் நிலத்தில் நாற்று நட்டவன் பிள்ளைக்கு எந்தக் கயிறு கிடைக்கும்? இதற்கு மேல் இங்கே விரிக்கவில்லை. பாலுவுக்குத் திரும்புவோம்.

புனேயில் வெள்ளையருக்கு எதிராக ஆட இந்துக்களுக்கும் ஓர் அணி இருந்தது. வெள்ளையர் அணியை வீழ்த்த வேண்டும் என்று அவர்களுக்கு ஆசை. வெள்ளையர்களுக்கே பயிற்சி கொடுக்கும் பவுலர் தெருவுக்கு அந்தப் பக்கம் இருக்கிறார். எடுப்பதா வேண்டாமா என்று பெரிய விவாதம் நடந்தது. மராத்தி பிராமண உறுப்பினர்கள் எதிர்த்தார்கள், தெலுங்கு உறுப்பினர்கள் சேர்க்கச் சொன்னார்கள் என்று பதிவாகியிருக்கிறது. கிரெய்க்கே பத்திரிகையில், அவரைச் சேர்க்காவிட்டால் இந்துக்கள் முட்டாள்கள் என்கிற பொருளில் பேசினாராம். வெள்ளைக்காரனுக்கு நீதியில் அக்கறையா, நல்ல பந்துவீச்சை எதிர்கொள்ளும் ஆசையா என்பது அவருக்கே தெரிந்திருக்குமோ என்னவோ. எப்படியோ, சேர்த்தார்கள்.

சேர்த்த விதத்தைப் பாருங்கள். மைதானத்தில் அவர் தொட்ட பந்தை எல்லோரும் தொட்டார்கள். தேநீர் இடைவேளையில் மற்றவர்கள் பெவிலியனுக்குள் பீங்கான் கோப்பையில் குடித்தார்கள். பாலுவுக்கு வெளியே, குடித்துவிட்டு எறியும் மண்குவளையில். முகம் கழுவ வேண்டுமென்றால் தீண்டத்தகாதவர் என்று சொல்லப்பட்ட ஒரு வேலைக்காரர் தண்ணீர் கொண்டுவந்து மைதானத்தின் ஓரத்தில் ஊற்றுவார். சாப்பாடு தனித் தட்டில், தனி மேசையில்.

பந்து எதால் செய்தது? தோல். மாட்டுத்தோல். யார் பதப்படுத்தி, யார் தைத்தது? இன்றைக்கும் மீரட்டில் கிரிக்கெட் பந்து தைக்கும் கைகள் பெரும்பாலும் யாருடையவை என்று போய்ப் பார்த்தால் தெரியும். செத்த மாட்டின் தோலைத் தொடுகிறவன் தீட்டு, ஆனால் அந்தத் தோல் உருண்டையாகி ஓட்டம் தடுக்கவும் விக்கெட் எடுக்கவும் வந்துவிட்டால் தீட்டு போய்விடும். குவளைக்கு மட்டும் போகாது. சாதிக்கு இயற்பியல் தனி.

எங்களுக்கு இது பழைய கதை இல்லை. பன்னிரண்டு பதின்மூன்று ஆண்டுகளுக்கு முன்னால், பெயர் வேண்டாம், பக்கத்து ஊர் ஒன்றில் கோயில் திருவிழாவை ஒட்டி நடந்த போட்டிக்குப் போனோம். செமி ஃபைனல் வரை வந்தோம். மதியம் எல்லா டீமுக்கும் மோர் கொடுத்தார்கள். மற்ற டீம்களுக்கு எவர்சில்வர் டம்ளர். எங்களிடம் வந்தபோது ஒருவர் பேப்பர் கப் அடுக்கோடு வந்தார். "இது சுத்தம்பா, கழுவ வேணாம் பாரு" என்றார். சுத்தத்தைப் பற்றி அவ்வளவு அன்பு. எங்களில் மூத்த ஒருவர் மோரை வாங்காமல் போய் பம்ப்செட்டில் தண்ணீர் குடித்தார். மற்றவர்கள் குடித்துவிட்டோம், வெயில் அப்படி. அந்தக் கப் கையில் நசுங்கிய சத்தம் இன்னும் எங்களுக்குள் இருக்கிறது. பாலுவின் மண்குவளை பற்றிக் கேட்ட இரவில் யாரும் அதைப் பேசவில்லை. ஆனால் எல்லோருக்கும் அதுதான் நினைவு வந்தது என்று பிறகு சொல்லிக்கொண்டோம்.

புனே இந்துக்கள் வெள்ளையர் அணியை வென்றார்கள். சதாராவில் வெள்ளையர் ஜிம்கானாவுக்கு எதிரான ஆட்டத்தில், பாலுவின் பந்து திரும்பாதபடி ஒரு வாரம் பிட்சை உருட்டி இறுக வைத்திருந்தார்களாம். பாலு 7 விக்கெட் எடுத்தார். பிட்ச் உருட்டி வளர்ந்தவனிடம் பிட்ச் உருட்டிக் காட்டினால்? திரும்பி வந்தபோது புனேயில் பாராட்டுக் கூட்டம். நீதிபதி ரானடே மாலை போட்டார். அவரோடு விளையாடுகிறவர்கள் அவரோடு உட்கார்ந்து உண்ணவும் வேண்டும் என்று சொன்னாராம். திலகரும் பாராட்டினார் என்கிறார்கள். விக்கெட் விழுந்த பிறகுதான் சமத்துவம் பேச வாய் வருகிறது. விக்கெட் எடுக்கத் தெரியாத லட்சம் பேருக்கு யார் மாலை போட்டது என்று பெரியப்பா கேட்டார், ஆம், அவர் இரண்டாம் நாளே சாவியோடு திரும்பி வந்துவிட்டார்.

பிறகு பாலு பம்பாய் போனார். அங்கே இந்து ஜிம்கானாவிலும் இதே கேள்வி எழுந்தது, இதே பதில் வந்தது. தேவைப்பட்டார், சேர்த்தார்கள். இரயில்வேயில் வேலையும் கிடைத்தது. 1906 பிப்ரவரியில் பம்பாயில் இந்துக்களும் ஐரோப்பியரும் மோதிய ஆட்டம் புகழ்பெற்றது. இந்துக்கள் 242, 160. ஐரோப்பியர் 191, 102. இந்துக்கள் 109 ஓட்டத்தில் வென்றார்கள். இரண்டு இன்னிங்ஸிலும் சேர்த்து பாலு 8 விக்கெட். அதற்கு அடுத்த ஆண்டும் வெற்றி. அப்போது பாலுவுக்கு வயது முப்பது. முதல்தர கிரிக்கெட் என்று இன்றைக்கு எண்ணப்படும் ஆட்டங்கள் அவருக்குத் தொடங்கியதே அந்த வயதில்தான். அதற்கு முன் போட்ட ஓவர்கள் எந்தக் கணக்கிலும் இல்லை, கிரெய்க்கின் எட்டணாக் கணக்கைத் தவிர.

1911இல் பாட்டியாலா மகாராஜா தலைமையில் முதல் அகில இந்திய அணி இங்கிலாந்து போனது. பாலுவும் தம்பி சிவராமும் அணியில். மகாராஜா விருந்துகளில் நேரம் செலவிட்டார், அணி பெரும்பாலும் தோற்றது. 23 ஆட்டங்களில் 15 தோல்வி. அந்தத் தோற்ற அணியில் பாலு மட்டும் 114 விக்கெட் எடுத்தார், சராசரி 18.84. கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்துக்கு எதிராக ஒரே இன்னிங்ஸில் 103 ஓட்டம் கொடுத்து 8 விக்கெட். தோள் வலியோடு இவ்வளவும். வயது 35.

திரும்பி வந்ததும் பம்பாயில் ஒடுக்கப்பட்ட மக்கள் அவருக்கு வரவேற்பு கொடுத்தார்கள். வரவேற்பு மடல் அளித்தவர் எல்பின்ஸ்டன் கல்லூரியில் படித்துக்கொண்டிருந்த ஓர் இளைஞர். பீமராவ் ராம்ஜி அம்பேத்கர்.

இதைக் கேட்டதும் பெரியப்பா கொஞ்ச நேரம் பேசவில்லை. "அவரே மரியாதை பண்ணியிருக்காரு" என்றான் ஒருவன், வாய்ப்பை விடாமல். "அப்புறம் அந்த ஆளு பண்ணினதைச் சொல்லு" என்றார் பெரியப்பா.

சொல்வதற்கு முன் தலைமைப் பதவி விஷயத்தை முடித்துவிடுகிறோம். அது தெரியாமல் மீதி விளங்காது.

இந்துக்கள் அணியில் 1910க்குப் பிறகு பாலுதான் மூத்தவர், அதிகம் சாதித்தவரும் அவரே. ஒவ்வோர் ஆண்டும் அவரைத் தலைவராக்கும் பேச்சு எழும். ஒவ்வோர் ஆண்டும் ஒரு பிராமண வீரர் தலைவராவார். 1913இல் தலைவரான எம்.டி. பாய், இந்தப் பெருமை மூத்தவரான பாலுவுக்குத்தான் போயிருக்க வேண்டும் என்று பாராட்டுக் கூட்டத்திலேயே சொன்னார். நல்ல மனிதர். பதவி அவரிடமே இருந்தது. 1920இல் இன்னும் மோசம். பாலுவை அணியிலிருந்தே எடுத்துவிட்டார்கள். நன்றாக ஆடிக்கொண்டிருந்த தம்பி விட்டலுக்கும் தலைமை இல்லை. விட்டலும் சிவராமும் நாங்கள் ஆட மாட்டோம் என்று விலகினார்கள். எதற்காக விலகுகிறோம் என்பதையும் மறைக்கவில்லை, சாதிதான் காரணம் என்று வெளிப்படையாகச் சொன்னார்கள். பம்பாய் முழுக்க அதுவே பேச்சானது. அடுத்த ஆட்டத்துக்கு மூவரும் அணியில், பாலு துணைத் தலைவர். அந்த ஆட்டத்தில் பாய் சிறிது நேரம் வேண்டுமென்றே மைதானத்தை விட்டு வெளியே போய் நின்றார், பாலு தலைமை தாங்கட்டும் என்று. இருபது ஆண்டு உழைப்புக்கு அந்தச் சில ஓவர்கள்.

1923இல் விட்டல் தலைவரானார். அந்த ஆண்டு இந்துக்கள் கோப்பையை வென்றார்கள். பாலு அதற்குள் ஓய்வு பெற்றிருந்தார். 33 முதல்தர ஆட்டங்கள், 179 விக்கெட், சராசரி 15.21. சராசரி பதினைந்து என்பது என்னவென்று கிரிக்கெட் தெரிந்தவர்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. இந்தியா முதல் டெஸ்ட் ஆடியது 1932 ஜூனில். அப்போது பாலுவுக்கு 56 வயது.

அமெரிக்காவில் பேஸ்பால் என்ற ஆட்டத்தில் நம் பவுலர் போல எறிபவரை பிட்சர் என்பார்கள். சாட்சல் பேஜ் என்று ஒரு கறுப்பின பிட்சர். கறுப்பர்களைப் பெரிய லீக்கில் சேர்க்காத காலம் முழுவதும் கறுப்பர்களுக்கான தனி லீக்குகளில் எறிந்துகொண்டிருந்தார். கதவு திறந்து 1948இல் கிளீவ்லாண்ட் அணிக்கு அவர் வந்தபோது வயது 42. கறுப்பர் லீக்குகளின் பதிவுகளையும் பெரிய லீக்கின் வரலாற்றில் சேர்ப்பதாக 2020இல் அறிவித்து, 2024இல் எண்களைச் சேர்த்தார்கள். செத்த பிறகு சேர்த்து என்ன என்று கேட்கலாம். எங்களுக்கு அது சின்ன விஷயமாகத் தெரியவில்லை. யாரோ உட்கார்ந்து பழைய ஸ்கோர் ஏடுகளைத் தேடி, ஒவ்வொரு விக்கெட்டாக எண்ணியிருக்கிறார்கள். பூனா கிளப் வலையில் விழுந்த விக்கெட்டுகளை யார் எண்ணுவது?

சரி, 1932. அந்த ஆண்டு தீண்டப்படாதோருக்குத் தனி வாக்காளர் தொகுதி கிடைத்ததும், காந்தி எரவாடா சிறையில் உண்ணாவிரதம் இருந்ததும், செப்டம்பர் 24 அன்று பூனா ஒப்பந்தத்தில் அண்ணல் கையெழுத்திட நேர்ந்ததும் இந்தப் பக்கத்தைப் படிக்கிறவர்களுக்குத் தெரியும். அந்த ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டவர்களில் ஒருவர் பி. பாலு. எந்த ஊரில் வெளியே நிற்க வைத்து மண்குவளை கொடுத்தார்களோ அந்த ஊரின் பெயரைத் தாங்கிய ஒப்பந்தம். அதே தாளில் எங்கள் பழைய செங்கல்பட்டு மாவட்டத்துக் கையும் உண்டு. மதுராந்தகம் பக்கம் கோழியாளத்தில் பிறந்த இரட்டைமலை சீனிவாசன் கையெழுத்திட்டார். பரங்கிமலையில் பிறந்த எம்.சி. ராஜாவும் கையெழுத்திட்டார். ராஜா அதற்கு முன்பே மூஞ்சேயோடு உடன்பாடு செய்து கூட்டுத் தொகுதிக்கு ஆதரவாக இருந்தவர். பாலுவும் அந்தப் பக்கம்தான் நின்றார்.

1937 தேர்தலில் பம்பாயில் அண்ணலைத் தோற்கடிக்க காங்கிரஸுக்கு ஓர் ஆள் தேவைப்பட்டது. வெள்ளையரைத் தோற்கடிக்க ஆள் தேவைப்பட்டபோது யாரைத் தேடினார்களோ அவரையே தேடினார்கள். அம்பேத்கர் 13,245. பாலு 11,225. வித்தியாசம் 2,020 வாக்கு.

"ரெண்டாயிரம் ஓட்டு மாறியிருந்தா?" என்றார் பெரியப்பா. "அன்னைக்கு அவரு தோத்திருந்தா என்னடா ஆயிருக்கும், யோசிச்சுப் பாருங்க."

யோசித்தோம். பெரியப்பா சொல்வதில் நியாயம் இருக்கிறது என்றுதான் எங்களில் பெரும்பாலோர் நினைத்தோம். 1932இல் பாலு எடுத்த நிலை தவறு. இதில் எங்களுக்கு இரண்டு கருத்து இல்லை. ஆனால் ஏன் அப்படி எடுத்தார் என்பதில்தான் இரண்டு இரவு போனது. காசுக்கு விலை போனார் என்றார் ஒருவர். அப்படிச் சொல்ல எந்த ஆதாரமும் எங்களிடம் இல்லை, அந்தப் பேச்சை விட்டுவிட்டோம். லெஃப்ட்தான் வேறு மாதிரி சொன்னார். "அவரு வாழ்க்கை பூரா இந்து டீம்லதான் ஆடியிருக்காரு. வெளிய நிக்க வெச்சாலும் அந்த டீமு ஜெயிக்கணும்னுதான் பந்து போட்டிருக்காரு. தனி டீம்னு சொன்னா அவருக்கு எப்படிப் புரியும்? நானும் அந்த கம்பெனி டீம் ஜெயிச்சப்போ கை தட்டினேன்ல."

ஒரே அணியில் இருந்துகொண்டு, திறமையைக் காட்டி, ஒருநாள் மதிக்கப்படுவோம் என்று நம்பியவர் பாலு. அந்த அணி தலைமையைத் தராது என்று கண்டுகொண்டவர் அம்பேத்கர். எங்களுக்கு வியப்பு என்னவென்றால், பாலுவின் சொந்த வாழ்க்கையே அம்பேத்கருக்குச் சாட்சி சொல்கிறது. பத்து ஆண்டு விக்கெட் எடுத்தும் கிடைக்காத துணைத் தலைமை, தம்பிகள் இருவரும் ஆட மாட்டோம் என்று வெளியே வந்தபோதுதான் கிடைத்தது. வீட்டுக்குள்ளேயே நடந்தது அது. பன்னிரண்டு ஆண்டு கழித்துக் கையெழுத்துப் போடும்போது அவருக்கு நினைவு வந்ததா என்று கேட்கத் தோன்றுகிறது. கேட்க ஆள் இல்லை, 1955இல் இறந்துவிட்டார்.

அந்த 11,225 வாக்குகளும் எங்களை உறுத்துகின்றன. எல்லாம் சாதி இந்து வாக்கு என்று தள்ளிவிட முடியுமா? அதில் நம் வாக்கும் இருந்திருக்கும். அவர் பந்து போடுவதைப் பார்த்து வளர்ந்தவர்கள், பிள்ளைக்கு அவர் பெயர் வைக்க நினைத்தவர்கள் இருந்திருப்பார்கள். நம் மக்களின் நாயகனையே நம் மக்களின் தலைவருக்கு எதிராக நிறுத்தும் வித்தையை இன்றும் ஒவ்வொரு தனித்தொகுதியிலும் பார்க்கிறோம். அந்தக் கோபத்தில் நாயகனை மட்டும் கிழித்துப் போட்டால், நிறுத்தியவன் தப்பித்துவிடுகிறான்.

இதைச் சொன்னபோது பெரியப்பா ஒப்புக்கொள்ளவில்லை. கடைசியில் ஒரு வழிக்கு வந்தார். ஃப்ளெக்ஸில் அண்ணல் படம் மட்டும் இருக்கும். பாலு படம் ஸ்கோர் போர்டுக்குப் பக்கத்தில் தனியாக, சின்னதாக. பரிசுக்கு அவர் பெயர் இருக்கலாம். "கீழ எல்லாத்தையும் எழுதணும். விக்கெட்டையும் எழுது, 37ல தோத்ததையும் எழுது. பாதியை மறைச்சு யாருக்கும் மாலை போடாதீங்க." எழுதினோம். எழுத்து பொடியாகிவிட்டது, பக்கத்தில் போய் நின்றால்தான் தெரிந்தது. ஒரகடத்தில் அச்சடித்துக் கொடுத்த பையன் 179 விக்கெட்டை 197 ஆக்கியிருந்தான். ஒட்டுத்தாள் வாங்கித் திருத்தினோம். கொஞ்சம் கூட்டிப் போட்டால் என்ன குறைந்துவிடும் என்று ஒருவன் கேட்டான். பெரியப்பா அவனைத் திட்டினார்.

பதினாறு டீம் வந்தன. மோரும் தண்ணீரும் எல்லோருக்கும் ஒரே டம்ளரில், இது எங்கள் போட்டியில் ஆரம்பத்திலிருந்தே உள்ள விதி. வாங்காமல் பாட்டில் வாங்கிக் குடித்த இரண்டு பேரையும் பார்த்தோம், எதுவும் கேட்கவில்லை. இறுதி ஆட்டத்தில் நாங்கள் தோற்றோம், 6 ஓட்டத்தில். லெஃப்ட் மொத்தம் 11 விக்கெட். பரிசு அவருக்குத்தான். இந்த முறை பேட்டிங்கிலும் அவரை மூன்றாவதாக இறக்கினோம். இரண்டு பந்தில் அவுட்.

பரிசளிப்பு தொடங்கும்போது லெஃப்ட் கிளம்பிவிட்டிருந்தார். அன்றைக்கு நைட் ஷிஃப்ட். விடுமுறை நாள்தான், ஆனால் கான்ட்ராக்ட்டில் வரச் சொன்னால் வர வேண்டும். கம்பெனி பஸ் மெயின் ரோட்டில் நிற்காமல் போய்விடும். பெயரைக் கூப்பிட்டார்கள், அவர் சார்பாகப் பெரியப்பா போய் வாங்கினார். கோப்பை இப்போது மன்றத்து பீரோவில் இருக்கிறது. சாவி பெரியப்பாவிடம்.